அடுப்பை எங்கே வைப்பது?

பெரிய தீவு
மேல்காற்று, மூன்றாம் நாள்

சின்னத் தீவின் கயிற்றுக்காரி அவர்களுக்கு,

வணக்கம். நானும் என் மனைவியும் இங்கே நலம். தாங்களும் தங்கள் கணவரும் நலமாக இருப்பீர்கள் என்று நம்புகிறேன். நான் நம்பாவிட்டாலும் இருப்பீர்கள்.

இந்தக் கடிதத்துக்குக் காரணம் ஒன்றே ஒன்றுதான். கிளம்பிய அவசரத்தில் என் மாவுச் சல்லடையைத் தங்கள் சமையலறை ஆணியிலேயே விட்டுவிட்டேன். மேகத்தில் மிதந்து வரும் தபால் படகில் கொடுத்தனுப்பினால் போதும். வேறு எதுவும் எழுத வேண்டியதில்லை.

கேட்காவிட்டாலும் சொல்கிறேன். இந்தத் தீவு பலகை மாதிரி இருக்கிறது. தரையில் ஒரு கோலிக்குண்டை வைத்தால் வைத்த இடத்திலேயே கிடக்கிறது. கதவுகள் தானாகத் திறப்பதில்லை. என் ரொட்டிகள் நிமிர்ந்து நிற்கின்றன. என்னை இங்கே யாரும் பட்டப்பெயர் வைத்துக் கூப்பிடுவதில்லை.

அன்று நடந்ததை நான் மறக்கவில்லை. படகுக்காரர்கள் அத்தனை பேருக்கும் ரொட்டி போடும் வேலை முதன்முதலாக எனக்குக் கிடைத்த நாள். அன்றைக்குப் பார்த்துத்தான் தாங்கள் தீவின் தண்ணீர்ப் பீப்பாய்களை எல்லாம் கிழக்கு ஓரத்துக்கு உருட்டிவிட்டீர்கள். தீவு சாய்ந்தது. அடுப்பு சாய்ந்தது. உள்ளே வெந்துகொண்டிருந்த ரொட்டியும் சாய்ந்தது. படகுத் தலைவர் ஒரு ரொட்டியைத் தூக்கிப் பிடித்து, "என்னப்பா இது, யாருக்கோ கும்பிடு போடுது?" என்றார். சதுக்கமே சிரித்தது. அதில் யார் குரல் உரக்கக் கேட்டது என்று எனக்குத் தெரியும். அன்றிலிருந்து ஊரில் என் பெயர் 'சாஞ்ச ரொட்டி.'

அடுப்பை நடுவுக்கு நகர்த்து என்று ஊரைக் கூட்டி வைத்துக்கொண்டு கத்தினீர்கள். தீவின் நடுவில் இருப்பது யார் வீடு என்று அப்போதே கேட்டேன். பதில் வரவில்லை. அதனால்தான் அடுப்போடு கிளம்பினேன்.

சல்லடையை மறக்க வேண்டாம்.

இப்படிக்கு,
ரொட்டிக்காரன்


சின்னத் தீவு
மேல்காற்று, ஒன்பதாம் நாள்

டேய் தம்பி,

உன் கடிதத்தில் 'தாங்கள், தங்கள்' என்று பார்த்ததும் தீவுகளின் சபையிலிருந்து ஏதோ நோட்டீஸ் வந்துவிட்டது என்று பயந்து, உன் மாமாவைக் கூப்பிட்டுப் பக்கத்தில் உட்காரவைத்துக்கொண்டுதான் மீதியைப் படித்தேன். பல் முளைத்ததிலிருந்து 'ஏய் அக்கா' என்று கூப்பிட்டவன், நரை விழுந்த பிறகு மரியாதை கற்றுக்கொண்டிருக்கிறாய். இந்த மரியாதையைவிட நீ என் மேல் மாவை வாரி எறிந்திருக்கலாம்.

சல்லடை கிடைக்காது. அதில் பூண்டு காயவைத்திருக்கிறேன்.

பீப்பாய் கதைக்கு வருகிறேன். படகுக்காரர் கண்ணுக்குக் கடை எடுப்பாகத் தெரியவேண்டும் என்று முந்தின நாள் அந்த இரும்பு அடுப்பை மேற்கு விளிம்புவரைக்கும் தரதரவென்று இழுத்தது யார்? நானா? அதோடு ரொட்டிக்கு வரிசையில் நின்ற ஊர்ச்சனம் வேறு. தீவு மேற்கே இறங்கியது. நானும் உன் மாமாவும் படுத்திருந்த கட்டில், எங்களையும் ஏற்றிக்கொண்டு, மரியாதையாக வாசல்வரை வந்து நின்றது. எதிர்வீட்டுச் சவரக்காரர் எங்களுக்குக் காலை வணக்கம் சொன்னார். அதற்கப்புறம்தான் பீப்பாயை உருட்டினேன். நான் தீவு மேலே பறந்துவிடாமல் கட்டியிருக்கிற கயிற்றைப் பார்க்கிறவள். தீவை வானத்தில் மிதக்கவைக்கிற நம் கல் எவ்வளவு தூக்குகிறது, நாம் எவ்வளவு அழுத்துகிறோம் என்று தினம் கயிற்றில் உள்ளங்கையை வைத்துப் பார்ப்பது என் வேலை. தீவை நேராக வைப்பதும் என் வேலைதான். ரொட்டியை நேராக வைப்பது உன் வேலை.

சிரித்தேனா என்றால், சிரித்தேன். அந்த ரொட்டியை நீ பார்த்திருந்தால் நீயும் சிரித்திருப்பாய். சரி, நீ பார்த்தாய்.

இங்கே எல்லாம் சுகம். நீ போனதிலிருந்து எடை கொஞ்சம் குறைந்ததால், ஊரில் எல்லோரும் ஒரு பிடி கூடுதலாகச் சாப்பிடவேண்டும் என்று சொல்லிவைத்தேன். சவரக்காரர் அதை இரண்டு பிடியாக்கிவிட்டார். பள்ளிக்கூடத்து டீச்சரம்மா உடம்பைக் குறைக்கிறேன் என்று காலையில் ஓடினாள், தெருவே வெளியே வந்து, "ஏம்மா, உனக்கு ஊர் நல்லா இருக்கறது பிடிக்கலையா?" என்று கேட்டுவிட்டது. பாவம், இப்போது உட்கார்ந்தே பாடம் நடத்துகிறாள். என்னைப் பற்றிக் கேட்காதே. என் பொதுத்தொண்டு முழுவதும் என் இடுப்பில் தெரிகிறது.

கிழங்கு மட்டும் சட்டென்று வேகமாட்டேன் என்கிறது. காலையில் கொஞ்சம் குளிர். வேறொன்றும் இல்லை.

அக்கா


பெரிய தீவு
மேல்காற்று, பதினெட்டாம் நாள்

கயிற்றுக்காரி அவர்களுக்கு,

தங்கள் கடிதம் கிடைத்தது. பூண்டு வாசத்தோடு கிடைத்தது.

தபால்காரர் ஒரு சேதி சொன்னார். தங்கள் தீவுக்கு ஏற அவர் படகில் இருக்கிற ஏணி போதாமல், இன்னொரு ஏணியைச் சேர்த்துக் கட்டியிருக்கிறாராம். "ஏங்க, அந்தத் தீவு மேல போகுதா, இல்ல எனக்கு வயசாகுதா?" என்று என்னைக் கேட்டார். தங்களிடமே கேட்கச் சொன்னேன். கிழங்கு வேகவில்லை, காலையில் குளிர் என்று எழுதியிருந்தீர்கள். உயரம் போனால்தான் அப்படி ஆகும் என்பது கயிறு பார்க்காதவனுக்கும் தெரியும்.

எனக்கென்ன? நான் இங்கே சௌக்கியம். கடை வாசலில் கூட்டம். ஆட்கள் அதிகமாகிவிட்டதால் இந்தத் தீவு கொஞ்சம் தாழ்ந்து மேகத்துக்குள் தொங்குகிறது. மாவு லேசாக ஈரமாகிறது, உப்பு ஒழுகுகிறது, அவ்வளவுதான். தெருமுனைக்குத் தெருமுனை 'மெதுவாக நடக்கவும்' என்று பலகை. எடை பார்க்கிற ஆள் ஒருவர் வீடு வீடாக வருகிறார். போன வாரம் என் மனைவியை ஏற இறங்கப் பார்த்துவிட்டு, "கொஞ்சம் குறைச்சா தீவுக்கு நல்லதும்மா" என்றார். அவள் அதற்குப் பிறகு இரண்டு நாள் என்னோடு பேசவில்லை. சொன்னது அவர், அனுபவித்தது நான்.

உதவி ஏதாவது தேவைப்பட்டால் முறைப்படி எழுதிக் கேட்கலாம். பரிசீலிப்பேன்.

ரொட்டிக்காரன்

பின்குறிப்பு: மாமாவுக்குக் குளிர் ஒத்துக்கொள்ளாது. கம்பளிக் காலுறை போட்டுக்கொள்ளச் சொல்லவும்.


சின்னத் தீவு
மேல்காற்று, இருபத்தைந்தாம் நாள்

டேய்,

முறைப்படி கேட்கவேண்டுமா? பரிசீலிப்பாயா? உனக்கு மூக்கு துடைத்துவிட்ட கைக்கு நீ எழுதுகிற கடிதமா இது?

காலுறை போட்டுவிட்டேன். "தம்பி ஞாபகம் வச்சிருக்கான் பாத்தியா" என்று உன் மாமாவுக்கு ஒரே பெருமை. காலைத் தூக்கித் தூக்கி எல்லோருக்கும் காட்டுகிறார்.

தபால்காரர் சொன்னது நிஜம். அவருக்கு வயதும் ஆகிறது, தீவும் மேலே போகிறது. உன் அடுப்பு, உன் விறகு, மாவு மூட்டை, நீங்கள் இரண்டு பேர் எல்லாம் போனதுமே கயிறு விண்ணென்று நின்றது. சாப்பிட்டே சரிக்கட்டிவிடலாம் என்று நினைத்தேன். இதற்குள் மேகத்துக்கு மேலே வந்துவிட்டோம். மேகம் கீழே போனால் பனி எப்படி விழும்? பீப்பாயெல்லாம் காலி. தண்ணீர் இல்லாவிட்டால் எடை இல்லை. எடை இல்லாவிட்டால் இன்னும் மேலே. உருளையில் சுற்றிய கயிற்றை நான் விட்டுக்கொண்டே இருக்கிறேன். விடாவிட்டால் அறுந்துவிடும்.

இதில் நான் செய்த காரியத்தையும் கேள், வேறு யாராவது சொல்வதற்குள். கீழே மேகத்துக்குள் ஆளில்லாத குட்டித்தீவு ஒன்று கிடக்கிறதே, அதன் கல்லைப் பெயர்த்துக் கொண்டுவரலாம் என்று சவரக்காரர் யோசனை சொன்னார். "நனைஞ்ச கல்லுங்க, தூக்கிப் பாருங்க, என்ன கனம்!" என்றார். தூக்கிப் பார்த்தேன். என்ன கனம்! சதுக்கத்தில் அடுக்கிக் கட்டினோம். தீவு இறங்கியது. நான் அந்தக் கல்மேல் ஏறி நின்று நாலு வார்த்தை பேசினேன். கைதட்டினார்கள். மறுநாள் வெயில் அடித்தது. கல் காய்ந்தது. கல் காய்ந்தால் மேலே தூக்கும் என்று நம் ஊரில் தொட்டில் குழந்தைக்கும் தெரியும். கயிறு பார்க்கிறவளுக்குத்தான் தெரியவில்லை. காலையில் கண் விழித்தால் தீவு இன்னும் மேலே! கட்டை அறுத்து அந்தக் கல்லையெல்லாம் விட்டுவிட்டோம். நான் நின்று பேசிய கல் எல்லாவற்றுக்கும் முன்னால் பறந்தது.

சபையிலிருந்து ஆள் வந்துவிட்டுப் போனார். கயிற்றின் முனையில் சிவப்புத் துணி கட்டியிருக்கிறதல்லவா, அது உருளையிலிருந்து வெளியே வந்துவிட்டதைப் பார்த்தார். வாடைக்காற்று தொடங்குவதற்குள் அது மறுபடி உள்ளே போகவேண்டும்; போகாவிட்டால் எங்களைத் தீவுக்கு ஒருவராகப் பிரித்து அனுப்பிவிட்டுக் கயிற்றை அவிழ்த்துவிடுவார்களாம். என் வீடு, சதுக்கம், பூட்டிக் கிடக்கிற உன் கடை, எல்லாம் மேலே போய் ஒரு புள்ளியாகிவிடும்.

உன்னை நான் கூப்பிடவில்லை, தெரிந்துகொள். "நான் போனா உன் தீவு பஞ்சு மாதிரி பறக்கும்" என்று நீ சொன்னபோது, "பறக்கட்டும், நல்லா வேடிக்கை பாக்கலாம்" என்று சொன்னவள் நான். வேடிக்கை பார்த்துக்கொண்டிருக்கிறேன்.

அக்கா

இன்னொன்று. தபால்காரரிடம் உன் பெண்டாட்டி சொன்னாளாம்: "தினமும் காலைல அடுப்புக்கு அடியில குனிஞ்சு என்னமோ பண்றாரு, கேட்டா எரிஞ்சு விழறாரு." முதுகு வலியா? நல்லெண்ணெய் தேய்.


பெரிய தீவு
மேல்காற்று, முப்பத்தொன்றாம் நாள்

அக்கா,

உனக்கு அறிவு இருக்கிறதா? இவ்வளவு நடந்திருக்கிறது, நீ எனக்குக் கிழங்கு வேகவில்லை என்று எழுதுகிறாய். நனைந்த கல்! அப்பா இருந்திருந்தால் உன் காதைத் திருகியிருப்பார். அந்தச் சவரக்காரர் பேச்சைக் கேட்டு என்றைக்கு யார் உருப்பட்டார்கள்? அவர் வெட்டிவிட்ட என் மீசையைப் பார்த்துமா உனக்குப் புத்தி வரவில்லை?

முதுகு வலியெல்லாம் இல்லை. என் மனைவிக்கு வேறு வேலை இல்லை.

நேராகக் கேட்கிறேன். அடுப்பு வந்தால் தீவு இறங்குமா? இறங்கும் என்றால் எங்கே வைப்பது? மேற்கே வைத்தால் மேற்கே சாயும். கிழக்கே வைத்தால் கிழக்கே சாயும். நடுவில் வைக்கலாம் என்றால், பழைய கேள்விதான். நடுவில் இருப்பது யார் வீடு?

இன்னொரு விஷயமும் உண்டு. அன்று ரொட்டி சாய்ந்தது என் கைப்பிசகால் இல்லை, நீ உருட்டிய பீப்பாயால் என்று சதுக்கத்தில் எல்லோருக்கும் கேட்கிற மாதிரி நீ சொல்லவேண்டும். உன் தலைக்கு இது அதிகம் என்று எனக்குத் தெரியும். ஆனால் அந்தப் பெயரோடு என் அடுப்பு அந்த ஊருக்குள் வராது.

சீக்கிரம் எழுது. அடுத்த படகிலேயே பதில் வரவேண்டும்.

தம்பி


சின்னத் தீவு
மேல்காற்று, முப்பத்தேழாம் நாள்

தம்பி,

'நீ' என்று எழுதிவிட்டாய். மாமாவிடம் காட்டினேன். "திட்டியிருக்கானே!" என்றார். திட்டியிருக்கிறான் என்பதுதானே நல்ல சேதி, இந்த மனிதருக்கு எப்போது புரியும்?

சொல்லிவிட்டேன். சதுக்கத்தில், எல்லோரையும் கூட்டி, சாய்ந்துவிடாமல் இரண்டு பக்கமும் சரிபாதியாக நிற்கவைத்துத்தான் சொன்னேன். தொண்டையைக் கனைத்துக்கொண்டு ஆரம்பித்தேன்.

"அன்னிக்கு ரொட்டி சாஞ்சதுக்கு என் தம்பி காரணம் இல்லை. நான் பீப்பாயை உருட்டினதுதான் காரணம்."

சவரக்காரர் சும்மா இருப்பாரா? "அப்போ இனிமே உங்களைத்தான் சாஞ்ச ரொட்டின்னு கூப்பிடணுமா?"

"கூப்பிடுங்க. எனக்கு உடம்பும் அதுக்கு ஒத்துதான் வருது."

சிரித்தார்கள் பார், உன் ரொட்டிக்குச் சிரித்ததைவிட ஒரு மடங்கு அதிகம். ஆக உன் பெயர் போயிற்று. என் பெயர் வந்துவிட்டது. காலையில் பால்காரி, "சாஞ்ச ரொட்டியக்கா, பால்!" என்று கூப்பிடுகிறாள். நானும் பாத்திரத்தை எடுத்துக்கொண்டு ஓடுகிறேன்.

இனி உன் பழைய கேள்வி. நடுவில் இருப்பது என் வீடு. கயிறு கட்டிய இடம் அதுதான் என்பதால் கயிறு பார்க்கிறவள் வீடும் அதுதான். அன்றைக்கு நீ கேட்டபோது ஏன் பதில் சொல்லவில்லை என்றால், என் முன்னறையில் புகை வேண்டாம் என்று நினைத்தேன். சுவருக்கு அப்போதுதான் வெள்ளையடித்திருந்தேன். இதுதான் காரணம், இதைவிடப் பெரிய காரணம் எதுவும் இல்லை. எழுதும்போது எனக்கே கேவலமாக இருக்கிறது.

முன்னறையைக் காலி செய்துவிட்டேன். ஜன்னலுக்கு மேலே புகைபோக்கிக்கு ஓட்டை போட்டாகிவிட்டது. விறகுக்கு ஒரு மூலை ஒதுக்கியிருக்கிறேன். உன் மாமா வந்து பார்த்தார்.

"என் சாய்வு நாற்காலி எங்கே?"

"வெளியில."

"அப்போ நான் எங்கே?"

"அதுல."

போய் உட்கார்ந்துகொண்டார். வெயில் படுகிறது, போகிறவர் வருகிறவரோடு பேசலாம், உள்ளே வரமாட்டேன் என்கிறார் இப்போது.

வாடைக்காற்றுக்கு அதிக நாள் இல்லை. அடுப்பை ஏற்றிவிடு.

அக்கா


பெரிய தீவு
மேல்காற்று, நாற்பத்துநாலாம் நாள்

அக்கா,

சரக்குப் படகு கிடைத்துவிட்டது. அடுப்பு, விறகு, மாவு மூட்டைகள் எல்லாம் ஏற்றியாகிவிட்டது. படகுக்காரர் ஒருமுறை அடுப்பைப் பார்த்தார், ஒருமுறை என்னையும் என் மனைவியையும் பார்த்தார், "ரெண்டுல ஒண்ணுதாங்க" என்றார். அடுப்பைத்தான் ஏற்றச் சொன்னேன்.

இறக்கும்போது சங்கிலியைக் கதவுப் பக்கம் போடாதே, கீல் வளைந்துவிடும். முதலில் விறகு, அப்புறம் மூட்டை, கடைசியாக அடுப்பு. எல்லாவற்றையும் ஒரேயடியாக இறக்கித் தொலைக்காதே, தீவு தொப்பென்று விழும். அடுப்போடு ஒரு சின்ன மரக்கட்டை கட்டியிருக்கிறேன். அதை இடது பின்காலுக்கு அடியில் வை. ஏன் என்று கேட்காதே.

உன் கடிதத்தை நாலைந்து தடவை படித்தேன். அடுப்புக்கு இடம் இருக்கிறது. புகைக்கு வழி இருக்கிறது. விறகுக்கு மூலை இருக்கிறது. மாமாவுக்கு வெயில் இருக்கிறது. எல்லாம் நன்றாகத்தான் எழுதியிருந்தாய்.

நாங்கள் இங்கே ஒரு தகர அடுப்பை வைத்துச் சமாளித்துக்கொள்வோம். உனக்குத் தேவைப்பட்டது எடை. அது வருகிறது.

தம்பி


சின்னத் தீவு
வாடைக்காற்று, இரண்டாம் நாள்

என் தம்பிக்கு,

அடுப்பு வந்தது. நீ சொன்ன வரிசையில்தான் இறக்கினோம். அடுப்பு தரையைத் தொட்டதும் தீவு ஒரு பெருமூச்சு விட்ட மாதிரி இறங்கியது. பள்ளிக்கூடத்து மணி தானாக அடித்தது. மறுநாள் காலையில் மேகம் தெரு வரைக்கும் வந்து நின்றது. பீப்பாய்களில் தண்ணீர் சொட்டுகிற சத்தம் கேட்டு ஊரே வாசலில் வந்து நின்று கேட்டது. சிவப்புத் துணி உருளைக்குள் போய்விட்டது. சபை ஆள் வந்து பார்த்தார், சரி என்று குறித்துக்கொண்டு கிளம்பினார். டீச்சரம்மா மறுபடி ஓடுகிறாள், யாரும் தடுக்கவில்லை.

இனி அந்த மரக்கட்டை. ஏன் என்று கேட்காதே என்று எழுதினால் நான் கேட்காமல் இருந்துவிடுவேனா? கட்டையை எடுத்துத் தனியாக வைத்துவிட்டு, நானே மாவு பிசைந்து ரொட்டி போட்டேன். தீவு நேராக இருக்கிறது. தட்டில் தண்ணீர் ஊற்றிப் பார்த்துவிட்டேன். அடுப்பு நட்டநடுவில் இருக்கிறது. ரொட்டி மட்டும் கும்பிடு போட்டுக்கொண்டு வந்தது!

குனிந்து பார்த்தேன். இடது பின்காலில் ஒரு துண்டைக் காணோம். படகுக்காரர் கண்ணில் படவேண்டும் என்று விளிம்புக்கு இழுத்தாயே, அன்றைக்கு உடைந்தது. ஆக, அங்கே பலகை மாதிரி இருக்கிற தீவிலும் உன் ரொட்டி சாய்ந்துதான் வந்திருக்கிறது. அதனால்தான் தினமும் காலையில் குனிந்திருக்கிறாய். என்னைச் சதுக்கத்தில் நிற்கவைத்துப் பேசச் சொன்னபோதும் உனக்கு இது தெரியும். திருட்டுப் பயலே! அப்படியென்றால் என் பீப்பாய் பாவம் என்ன செய்தது?

யாரிடமும் சொல்லவில்லை. தபால்காரரிடம் மட்டும் சொன்னேன்.

இப்போது எழுதவந்த விஷயம். இந்தக் கடிதத்தை நான் வேறு மாதிரி ஆரம்பித்தேன். 'தம்பி, அடுப்பு மட்டும் போதவில்லை, கயிறு இன்னும் இழுக்கிறது, உன் தொப்பையும் உன் பெண்டாட்டியும் வந்தால்தான் சரியாகும்' என்று எழுதினேன். நல்ல பொய். நீயும் மறுபேச்சு பேசாமல் வந்திருப்பாய். படித்துப் பார்த்தேன், கிழித்துவிட்டேன். கயிற்றைப் பற்றி நான் இதுவரை பொய் சொன்னதில்லை.

அதனால் உள்ளதைச் சொல்கிறேன். இன்று காலையில் கயிற்றில் கையை வைத்துப் பார்த்தேன். தளர்ந்து, சாதுவாக இருக்கிறது. எதுவும் குறையவில்லை. நீ வராவிட்டாலும் இந்தத் தீவு இங்கேயேதான் இருக்கும்.

நீ வா. அவளையும் கூட்டிக்கொண்டு வா.

அக்கா


பெரிய தீவு
வாடைக்காற்று, ஆறாம் நாள்

அக்கா,

இந்தக் கடிதம் வருகிற அதே படகில்தான் நாங்களும் வருகிறோம். தபால்காரரிடம் கொடுத்தால் அவரே எல்லாவற்றையும் முந்திக்கொண்டு கத்திச் சொல்லிவிடுவார் என்பதால், ஏணியில் ஏறி என் கையாலேயே தருகிறேன். படித்து முடிக்கும்வரை நான் வாசலில் மாமாவோடு உட்கார்ந்திருப்பேன்.

கால் விஷயத்தில் நான் செய்தது தப்புதான். அந்தப் பெயரை நீ வைத்துக்கொள்ள வேண்டாம், நானே திருப்பி எடுத்துக்கொள்கிறேன். 'சாஞ்ச ரொட்டி' என்று கடைக்கே பலகை எழுதிக்கொண்டு வந்திருக்கிறேன். உன் முன்னறை வாசலில் மாட்டவேண்டும். கனமான பலகை, தீவுக்கும் நல்லது.

எடை பார்க்கிற ஆள் படகுத்துறைவரை வந்து வழியனுப்பினார். இத்தனை சந்தோஷமாக ஒரு மனிதரை நான் பார்த்ததே இல்லை.

சல்லடையில் இருக்கிற பூண்டைக் கொட்டிவிடு. நாளைக்குக் காலையில் மாவு சலிக்கவேண்டும்.

தம்பி